மெரினாவில் கிடக்கும் ராயபுரம்

"துறைமுகத்தை ஒட்டி வளர்ந்த ஊர் ராயபுரம்." வடசென்னையைப் பற்றி எழுதப்படும் கட்டுரைகளில் இந்த வரி எங்காவது ஓரிடத்தில் வந்து உட்கார்ந்துகொள்ளும். படிக்கிறவர்களுக்கும் உறுத்தாது. பக்கத்தில் துறைமுகம் இருக்கிறது, ஊரும் பெரிதாக இருக்கிறது, அப்புறம் என்ன என்று கடந்துவிடுவோம். ஆண்டுகளை வரிசையாக அடுக்கிப் பார்த்தால்தான் கால் இடறும். ராயப்பர் கோயில் எழுந்தது 1820களில். இங்கிருந்து ரயில் கிளம்பியது 1856இல். துறைமுகத்துக்கு அடிக்கல் வைத்தது 1875 டிசம்பரில். ஊர் மூத்தது, துறைமுகம் இளையது. அந்த இளையது வந்த பிறகு மூத்ததுக்கு என்ன ஆயிற்று என்று யாரும் கேட்பதில்லை. ராயபுரத்தின் அடையாளங்களைப் பட்டியல் போடச் சொன்னால் நிலையம், தேவாலயம், பார்சிக் கோயில், பூங்கா என்று கட்டடங்களாகவே எண்ணுவார்கள். இங்கே இருந்த மிகப் பெரிய அடையாளம் ஒன்று காணாமல் போயிருக்கிறது. அது மணல்.

படகுக்காரர்கள் வைத்த பெயர்

'ராய' என்ற சொல்லைப் பார்த்ததும் விஜயநகரம் வரை போகிறவர்கள் உண்டு. ஆங்கில எழுத்துக்கூட்டைப் பார்த்துவிட்டு 'ராயல்' என்று நினைத்துக்கொள்பவர்களும் உண்டு. அவ்வளவு தூரம் அலைய வேண்டாம். பைபிளின் பேதுருவைத் தமிழ்க் கத்தோலிக்கர்கள் நெடுங்காலமாக இராயப்பர் என்றுதான் சொல்லிவந்தார்கள். பவுலைச் சின்னப்பர் என்றும் யோவானை அருளப்பர் என்றும் சொன்னதுபோல. இராயப்பர் பெயரால் ஒரு கோயில், அதைச் சுற்றி ஒரு குடியிருப்பு, அதற்கு ராயபுரம் என்று பெயர். பெயருக்குச் சொல்லப்படும் விளக்கங்களில் ஊரோடு ஒட்டி நிற்பது இதுதான். கோயிலைத் தங்கள் பணத்தில் எழுப்பியவர்கள் மதராஸ் கரையின் படகுக்காரர்கள். கடலோடிகள் பேதுருவைத் தேர்ந்தெடுத்ததில் வியப்பில்லை. அவரும் வலை வீசிப் பிழைத்தவர்தானே.

இந்தப் படகுக்காரர்கள் இல்லாமல் மதராஸ் என்ற வணிக நகரம் ஒரு நாள்கூட ஓடியிருக்காது. இங்கே இயற்கைத் துறைமுகம் கிடையாது, ஆற்று முகத்துவாரமும் கப்பலுக்கு உதவாது. கிழக்குக் கடற்கரையில் அலை கரையைத் தொடுமுன் ஒன்றன் பின் ஒன்றாக இரண்டு மூன்று வரிசையாக உடைகிறது. கப்பல்கள் அந்த அலை வரிசைகளுக்கு அப்பால், ஆழத்தில் நங்கூரம் போட்டு நிற்கும். அங்கிருந்து ஆளோ அரிசி மூட்டையோ கவர்னரின் குதிரையோ, எதுவானாலும் கரைக்கு வர ஒரே வழி மசூலா படகு.

மசூலாவின் சூட்சுமம் அதில் ஆணி இல்லை என்பதுதான். பலகைகளின் ஓரத்தில் துளை போட்டு, இடைவெளியில் வைக்கோலையோ நாரையோ வைத்து அடைத்து, மேலே தென்னங்கயிற்றால் இழுத்துத் தைப்பார்கள். உள்ளே விலா எலும்பு போன்ற சட்டம் கிடையாது. ஐரோப்பியக் கப்பல்களின் ஆணி அடித்த படகுகள் இந்த அலையில் இறங்கினால், அடிப்பாகம் மணலில் ஒரு முறை மோதினாலே பலகை பிளக்கும், ஆணி பிதுங்கும். தைத்த படகோ அடி விழுந்தால் வளைந்து கொடுத்துத் தாங்கிக்கொள்ளும். அதற்குக் கொடுக்கும் விலை கசிவு. தையல் வழியே தண்ணீர் எப்போதும் வந்துகொண்டிருக்கும். ஒருவர் இறைத்துக்கொண்டே இருக்க வேண்டும். எட்டுப் பேரோ அதற்கு மேலோ துடுப்புப் போடுவார்கள், பின்னால் நிற்பவர் நீண்ட துடுப்பால் திசை பிடிப்பார். கரைக்கு வரும்போது வெளி அலை வரிசைக்கு அப்பால் காத்திருந்து, பெரிய அலை ஒன்று கடந்ததும் அதன் முதுகில் ஏறுகிறாற்போல மொத்தப் பேரும் ஒரே மூச்சில் வலிக்க வேண்டும். கொஞ்சம் முந்தினால் படகின் மூக்கு குத்தும். கொஞ்சம் பிந்தினால் அடுத்த அலை பின்னாலிருந்து வந்து கவிழ்க்கும். பக்கத்திலேயே கட்டுமரத்தில் ஆட்கள் வருவார்கள், விழுந்தவரைத் தூக்குவதற்கு. அலை மசூலாவும் இறங்க முடியாத அளவுக்கு இருந்தால் கட்டுமரக்காரர் மட்டும் போவார். கப்பலுக்கான கடிதங்களை ஓலைத் தொப்பிக்குள் நனையாமல் வைத்துக்கொண்டு.

இந்தத் தொழிலுக்கு வேண்டிய முதல் பொருள் மணற்கரை. படகை இழுத்து ஏற்ற, தையல் பிரித்துத் தைக்க, காயப்போட, எல்லாவற்றுக்கும் அகலமான, சரிவான மணல் வேண்டும். அன்றைய ராயபுரத்தில் அது இருந்தது.

ஒரு நிலையம், ஒரு சுவருக்கு வெளியே

அன்றைய நகருக்கு ஒரு மதில் உண்டு. பிரெஞ்சுக்காரர்களும் ஹைதர் அலியும் கொடுத்த பயத்தில் 18ஆம் நூற்றாண்டில் கட்டிய சுவர் அது. மேற்குப் பக்கம் ஓடிய பகுதியின் நினைவுதான் வால்டாக்ஸ் சாலை. சுவருக்கு வரி என்று பேச்சு எழுந்து, வரி போய்ப் பெயர் நின்றுவிட்டது. வடக்குச் சுவர் பழைய ஜெயில் சாலைப் பக்கம் ஓடியது. அதில் மிஞ்சிய துண்டு இன்று மாடிப்பூங்காவாக இருக்கிறது. வடகிழக்கு மூலையில், கடலைப் பார்த்துப் பீரங்கி வைத்த இடம் கிளைவ் பேட்டரி. பேட்டரி என்றதும் மின்கலத்தை நினைத்துக்கொள்பவர்களைக் குற்றம் சொல்ல முடியாது. ராயபுரம் இந்தச் சுவருக்கு வெளியே, வடக்கே.

மெட்ராஸ் ரயில்வே கம்பெனி தன் முதல் நிலையத்துக்கு இந்த இடத்தைத் தேர்ந்தது. நகரத்தின் வணிகத் தெருக்கள் நடை தூரம், சரக்கு இறங்கும் கடற்கரை பக்கத்திலேயே, சுவருக்கு வெளியே என்பதால் நிலத்துக்கும் பஞ்சமில்லை. 1856 ஜூலை 1 அன்று தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் இங்கிருந்து ஆற்காட்டுக்கு, அதாவது இன்றைய வாலாஜா ரோடு நிலையத்துக்குக் கிளம்பியது. வியாசர்பாடி, பெரம்பூர், ஆவடி, திருவள்ளூர், அரக்கோணம் என்று மேற்கே வளைந்து போகும் அந்தத் தடத்தின் எலும்புக்கூடு இன்றும் அதுதான். "இந்தியாவின் முதல் நிலையம்" என்று சிலர் எழுதிவிடுகிறார்கள். அது தவறு. பம்பாயின் போரி பந்தரும் தானேயும் 1853. அவற்றின் முதல் கட்டடங்கள் இப்போது இல்லை. ராயபுரத்தின் கட்டடம் இருக்கிறது. பழமையில் மிஞ்சி நிற்பது என்ற பெருமை மட்டும் இதற்குரியது. அதுவே போதுமான பெருமை.

1873இல் சென்ட்ரல் கட்டப்பட்டது. 1907இல் முதன்மை நிலையம் என்ற இடம் அங்கே போனது. 1922இல் தலைமை அலுவலகமும் சென்ட்ரலுக்குப் பக்கத்துப் புதுக் கட்டடத்துக்கு மாறியது. ராயபுரத்தில் மிஞ்சியது சரக்கு. பிறகு நெடுங்காலம் பாழாகக் கிடந்து, 2005இல்தான் கட்டடத்தைச் செப்பனிட்டார்கள். இன்று கடற்கரை நிலையத்திலிருந்து கும்மிடிப்பூண்டி போகும் புறநகர் வண்டியில் ஏறினால் முதலில் வருவது ராயபுரம். இறங்கிப் பார்த்தால் அந்தக் கொரிந்தியப் பாணித் தூண்களுக்கும் நடைமேடையில் நிற்கிற பத்துப் பேருக்கும் சம்பந்தமே இல்லாததுபோல் இருக்கும். ரயில் பித்துள்ளவர்கள் இந்த ஊரை வேறு விதமாக அறிவார்கள்: நாடு முழுக்க ஓடும் டபிள்யூ.ஏ.பி.-7 மின் எஞ்சின்களில் சிலவற்றின் பக்கவாட்டில் ஆர்.பி.எம். என்று எழுதியிருக்கும். ராயபுரம் பணிமனைக்குச் சொந்தமானவை அவை.

1881 நவம்பர்

ராயபுரத்தின் விதி தீர்மானமானது ரயிலால் அல்ல. கடலில் போட்ட இரண்டு கைகளால்.

மசூலாவின் ஆபத்தும் செலவும் தாங்காமல் 1861இல் இரும்புத் திருகுத் தூண்கள் மேல் கடலுக்குள் ஒரு நீண்ட பாலம் போட்டார்கள். அலை உடையும் இடத்தைத் தாண்டி அது போனது. ஆனாலும் பெரிய கப்பல் அதில் அணைய முடியாது, படகு வேண்டியே இருந்தது. அடுத்து வந்தது வில்லியம் பார்க்ஸ் என்ற பொறியாளரின் திட்டம். பாலத்துக்கு வடக்கே ஒன்றும் தெற்கே ஒன்றுமாக இரண்டு அலைத் தடுப்புச் சுவர்கள் கரையிலிருந்து அரை மைலுக்கு மேல் கடலுக்குள் நேராகச் சென்று, முனையில் ஒன்றை நோக்கி ஒன்று வளைய வேண்டும். நடுவே கிழக்குப் பார்த்த வாயில். 1875 டிசம்பர் 15 அன்று வேல்ஸ் இளவரசர் அடிக்கல் வைத்தார். ஆறு ஆண்டுகள் கான்கிரீட் கட்டிகளை வார்த்து, பளுதூக்கிகளால் இறக்கி, ஏறக்குறைய முடித்தும்விட்டார்கள். 1881 நவம்பரில் புயல் வந்தது. கட்டிகள் ஒன்றோடொன்று பிணைக்கப்படாமல் எடையை மட்டும் நம்பி நின்றவை. வெளிக் கைகளில் பெரும் பகுதி சரிந்து கடலில் கிடந்தது.

நான் திரும்பத் திரும்ப வந்து நிற்கிற இடம் இது. வடசென்னையின் வரலாற்றில் 'இன்னொரு தடவை யோசிக்கலாம்' என்று கடலே கொடுத்த வாய்ப்பு அந்த நவம்பர். அந்த ஆறு ஆண்டுகளுக்குள்ளேயே தெற்குச் சுவரின் அடியில் மணல் ஏறத் தொடங்கியிருந்தது, கண்ணுக்குத் தெரிந்தது. மணல் சேருவது துறைமுகத்துக்கு என்ன செய்யும், வாயிலை அடைக்குமா என்ற கேள்வியைப் பொறியாளர்கள் காரசாரமாகப் பேசினார்கள். தெற்கே சேர்கிற மணல் எங்கே போக வேண்டிய மணல், அது போகாவிட்டால் வடக்கே என்ன ஆகும் என்பதற்கு அந்த விவாதத்தில் கனமில்லை. அதே இடத்தில், அதே வடிவத்தில், கிழக்கு வாயிலோடு திரும்பக் கட்டினார்கள்.

நீரோட்டம் அறிந்தவர்களைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பார்கள். இந்தக் கரையின் மீனவர்களிடம் இதற்குச் சொல்லே இருக்கிறது: தெற்கிலிருந்து வடக்கே ஓடினால் தெண்டி, வடக்கிலிருந்து தெற்கே ஓடினால் வண்ணி. தென்மேற்குப் பருவக் காலத்தையும் அதை ஒட்டிய மாதங்களையும் சேர்த்தால் ஆண்டின் பெரும்பகுதி அலை தென்கிழக்கிலிருந்து சாய்வாகக் கரையில் மோதுகிறது. ஏறும்போது மணல் சாய்வாக ஏறும், நீர் வடியும்போது நேராக இறங்கும். ஒவ்வோர் அலைக்கும் ஒரு துகள் கொஞ்சம் வடக்கே நகர்ந்திருக்கும். வடகிழக்குப் பருவக் காற்றின் சில மாதங்களில் இது திரும்பும். வரவு செலவு பார்த்தால் வடக்கே போவதுதான் அதிகம், ஆண்டுக்குப் பல லட்சம் கன மீட்டர். கரை என்பது ஓடிக்கொண்டிருக்கும் மணல் ஆறு. அதன் குறுக்கே அணை கட்டினால் மேற்பக்கம் தேங்கும், கீழ்ப்பக்கம் வறளும். சுவர்களுக்குத் தெற்கே கோட்டையும் சேப்பாக்கமும். வடக்கே ராயபுரம்.

ஒரு காலத்தில் புனித ஜார்ஜ் கோட்டையின் கிழக்குச் சுவரை அலை தொட்டது. இன்று அங்கிருந்து கடலுக்குப் போக வாகனம் பிடிக்கலாம். கிராண்ட் டஃப் கவர்னராக இருந்தபோது, 1884இல், தெற்கே உருவாகி வந்த மணலோரம் உலாச்சாலை போட்டு மெரினா என்று பெயர் வைத்தார். இன்று அந்த மணல் சராசரியாக 300 மீட்டர் அகலம். நாம் சுண்டல் வாங்கிக்கொண்டு உட்காரும் இடம் வடக்கே போய்ச் சேர்ந்திருக்க வேண்டிய மணல். மெரினாவை இயற்கை கொடுத்த கொடை என்று மேடையில் பேசுகிறவர்களுக்கு இதை யாராவது எடுத்துச் சொன்னால் தேவலை.

மணல் கிழக்கு வாயிலையும் விடவில்லை. 1904இல் துறைமுகப் பொறுப்பேற்ற சர் பிரான்சிஸ் ஸ்பிரிங் அந்த வாயிலை அடைத்து, வடகிழக்கில் புது வாயில் திறந்து, அதற்கு நிழல் தரும் நீண்ட சுவரைப் போட்டார். கப்பல்கள் கரையோரம் அணையும் துறைமுகம் அதன் பிறகுதான் உருப்பெற்றது. (1912இல் மாதம் 30 ரூபாய்ச் சம்பளத்தில் கணக்குப் பிரிவில் சேர்ந்த ராமானுஜன் என்ற குமாஸ்தாவின் மதிப்பை உணர்ந்தவர்களில் ஒருவரும் இதே ஸ்பிரிங்தான். அவர் பேரில் கோபப்படவும் முடியவில்லை.) கப்பல் நேராகக் கரையை அணைந்ததும் மசூலாவுக்கு வேலை இல்லை. ஊருக்குப் பெயர் வைத்தவர்களின் தொழிலும் அவர்கள் படகு ஏற்றிய மணலும் ஒரே சுவரால் போயின.

கல்லின் கணக்கு

வடக்கே கடல் உள்ளே வர வர, குப்பங்கள் பின்னால் நகர்ந்தன. பிறகு நகர இடமில்லாமல் கல் கொட்டினார்கள். எண்ணூர் விரைவுச்சாலையில் போனால் ஒரு பக்கம் லாரி, மறுபக்கம் கருங்கல் குவியல், அதற்கு அப்பால் உடனே கடல். கல்லைக் கொட்டுவது பார்க்க எளிது. அதில் தப்பு நடக்க நிறைய வழி உண்டு. கீழே சின்னக் கல், அதன் மேல் நடுத்தரம், மேலே டன் கணக்கில் எடையுள்ள பாறை என்று அடுக்க வேண்டும். அவசரத்தில் பெரிய பாறையை நேராக மணலில் போட்டால், இடுக்கு வழியே அலை அடிமணலை உறிஞ்சிவிடும். சில பருவங்களில் பாறை தானாகப் புதைந்துவிடும். சரிவு செங்குத்தாக இருந்தால் அலை மோதித் திரும்பும் வேகத்தில் சுவரின் கால் பறிபோகும். ஆகையால் மறுபடி கல், மறுபடி டெண்டர். இவ்வளவும் செய்து சாலையைக் காப்பாற்றலாம். கரையைத் திரும்பப் பெற முடியாது. பாறை மேல் ஃபைபர் படகை ஏற்ற முடியுமா? ஏற்றினால் அடி கிழியும்.

அடுத்த வைத்தியம் தூண்டில் வளைவு. கரையிலிருந்து கடலுக்குள் குறுக்கே நீட்டும் கல் கரங்கள் இவை. சென்னைத் துறைமுகத்துக்கு வடக்கே 2004 வாக்கில் வரிசையாகப் பத்து போட்டார்கள். இரண்டு கரங்களுக்கு நடுவே மணல் தங்கியது, உண்மைதான். சில இடங்களில் படகு ஏற்றும் அளவுக்குத் தங்கியது. ஆனால் தூண்டில் வளைவு ஒரு குட்டித் துறைமுகச் சுவர். தெற்கே பிடித்த மணலை வடக்கே விடாது. வரிசையின் கடைசிக் கரத்துக்கு அப்பால் இருக்கிற குப்பம் அரிக்கப்படும், அவர்களும் தங்களுக்கு ஒன்று கேட்பார்கள், நியாயமாகவே கேட்பார்கள். புதுச்சேரியிலும் இதே கதைதான்: 1980களில் துறைமுகச் சுவர், நகரக் கரைக்குக் கல், பிறகு வடக்கே ஒவ்வொரு மீனவ ஊராகத் தமிழ்நாட்டு எல்லைக்குள் அரிப்பு.

நேரான வைத்தியம் ஒன்று உண்டு. தெற்கே தேங்குவதை அள்ளி வடக்கே கொடுப்பது. விசாகப்பட்டினத்தில் துறைமுகம் தூர்வாரும் மணலை நகரக் கடற்கரைக்கு ஆண்டுதோறும் இறைக்கிறார்கள். அங்கே குழாய் நீளம் குறைவு, இங்கே நிலைமை வேறு என்று சொல்லலாம். சொல்லிக்கொண்டே நூற்றைம்பது ஆண்டு போயிற்று.

மிச்சமிருக்கும் அடையாளங்கள்

அரத்தூண் சாலையில் பார்சிக்காரர்களின் அக்னிக் கோயில் இருக்கிறது. 1795லேயே இங்கே நிலம் வாங்கியவர்கள் அவர்கள்; கோயில் எழுந்தது 1910இல், பிரோஜ் கிளப்வாலா பதின்மூன்று வயதில் இறந்த தன் மகன் ஜாலின் நினைவாகக் கொடுத்த பணத்தில். தமிழ்நாட்டில் வேறு அக்னிக் கோயில் இல்லை. பார்சி அல்லாதவர்களுக்கு உள்ளே அனுமதி கிடையாது, வாசலோடு திரும்ப வேண்டும்.

ஸ்டான்லி மருத்துவமனையை ஊர்க்காரர்கள் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி என்று சொல்வது கிண்டல் இல்லை. 1782 பஞ்சத்தில் கஞ்சி ஊற்றிய மணியக்காரர் சத்திரத்திலிருந்து முளைத்தது அது. ராபின்சன் பூங்கா இன்னொன்று: 1949 செப்டம்பர் 18 அன்று கொட்டும் மழையில் திராவிட முன்னேற்றக் கழகத்தின் முதல் பொதுக்கூட்டம் அங்கே நடந்தது. கழகம் பிறந்த கதையில் பவளக்காரத் தெருவையும் இந்தப் பூங்காவையும் குழப்பிக்கொள்வார்கள். முதல் நாள் தெருவில் தொடக்கம், மறுநாள் பூங்காவில் அறிவிப்பு. 1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் துறைமுகத்தின் எண்ணெய்க் கிடங்கைச் சுட்டதையும் இந்தப் பக்கத்துக் கணக்கில்தான் எழுத வேண்டும். சாமர்த்தியசாலியை 'எம்டன்' என்று சொல்லும் வழக்கை நமக்குத் தந்துவிட்டு அது போய்விட்டது. துறைமுகம் தந்ததில் நெடுநாள் நின்றது வேறு: நிலக்கரித் தூளும் இரும்புத் தாதுத் தூளும். துணி காயப்போட முடியாது, ஜன்னல் திறக்க முடியாது. 2011இல் சென்னை உயர் நீதிமன்றம் அந்தச் சரக்குகளை இங்கே கையாளக் கூடாது என்ற பிறகுதான் அது ஓய்ந்தது.

கடலோடிகள் போன இடம் காசிமேடு. 1980களில் வந்த மீன்பிடித் துறைமுகம், அதற்கும் சுவர்கள். தங்கள் குப்பத்து மணலில் படகை ஏற்ற முடியாதவர்கள் இந்தச் சுவர்களுக்குள் இடம் தேடி நெருக்கிக் கட்டுகிறார்கள். பார்க்கப் போகிறவர்கள் விடிவதற்கு முன்பே போய்விட வேண்டும். ஏலம் இருட்டிலேயே கூடைக் கணக்கில் நடக்கும், வெயில் ஏறியபின் இருப்பது சில்லறை வியாபாரம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம், விசைப்படகுகள் வரிசையாகக் கட்டிக் கிடக்கும். வஞ்சிரம் கேட்டு ஏமாறாமல் ஃபைபர் படகுக்காரர்கள் கொண்டுவரும் சின்ன மீன்களை வாங்கலாம்.

அங்கிருந்து தெற்கே பார்த்தால் துறைமுகச் சுவர் தெரியும். மே மாதத்துத் தெண்டி அதன் மறுபக்கத்தில் மணலைக் கொண்டுவந்து சேர்த்துக்கொண்டிருக்கும்.